இரண்டு பத்திரிகைகள்

பாப்பா,

தின்கன்ஜூனில் நம் பழைய வீட்டில்தான் நாங்கள் இருவரும் இருக்கிறோம். அம்மாவின் முழங்கால் வலி கூடவும் இல்லை, குறையவும் இல்லை. மின்சாரம் காலையில் கொஞ்ச நேரம் வருகிறது. அதற்குள் தண்ணீர் ஏற்றி, சோறு ஆக்கி, போனுக்குச் சார்ஜ் போட்டுக்கொள்கிறோம். அன்று நீ கேட்ட கேள்விக்குப் பதில் சொல்ல முடியாமல்தான் போனை அம்மா கையில் கொடுத்துவிட்டுப் படியிறங்கிப் போனேன். சார்ஜ் தீர்ந்துவிட்டது என்று அம்மா சொல்லியிருப்பாள். தீரவில்லை.

"கல்யாணப் பத்திரிகை அடிக்கக் குடுக்கணும்பா. பொண்ணோட அப்பான்னு உங்க பேரப் போடவா, வேணாமா?" என்று கேட்டாய். உன் குரலில் கோபம் இல்லை. கடையில் எந்த நிறம் வேண்டும் என்று கேட்பதுபோலத்தான் கேட்டாய். கோபமாகக் கேட்டிருந்தால் நானும் ஏதாவது கத்திவிட்டுத் தப்பித்திருப்பேன். நான்கு வருடங்களுக்கு முன்னால் நான் இன்னொரு பத்திரிகையில், நாடே படிக்கிற பத்திரிகையில், நீ என் மகள் இல்லை என்று அச்சடித்துக் கொடுத்தவன். அதனால்தான் என்னிடம் அனுமதி கேட்கவேண்டி வந்தது. பெற்ற தகப்பன் பேரைப் போட எந்தப் பெண்ணும் அனுமதி கேட்பதில்லை.

எல்லைக்குச் சரக்கு கொண்டுபோகிற ஒரு பெண்மணியிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன். வழியில் பையைச் சோதிப்பார்கள். தமிழ் எழுத்தைப் பார்த்தால் கோயில் காகிதம் என்று நினைத்து விட்டுவிடுவார்கள் என்கிறாள் அவள். அப்படியும் யார் பேரையும் இதில் எழுதவில்லை. நீ தமிழ் எழுத்துக் கூட்டித்தான் படிப்பாய் என்று தெரியும். மெதுவாகவே படி. படித்து முடித்ததும் மாப்பிள்ளைக்கும் உன் நண்பர்களுக்கும் பர்மிய மொழியில் சொல். கல்யாணத்துக்கு வருகிறவர்கள் எல்லாருக்கும் தெரியட்டும். நான் செய்ததை ஊரறியச் செய்தேன். அதற்கான பதிலை மட்டும் உன் காதோடு சொல்வது நியாயமில்லை.

உனக்குப் பத்தொன்பது வயதில் தலையின் ஒரு பக்கத்தை மட்டும் மழித்துக்கொண்டு வந்து நின்றாய். காதில் ஊக்கு, கிழிந்த கால்சட்டை, கையில் டிரம் அடிக்கிற இரண்டு குச்சிகள். இன்சீனில் ரயில் பாதைக்குப் பக்கத்தில் யாரோ ஒருவன் வீட்டுக் கொட்டகையில் நீங்கள் ஐந்து பேர் சேர்ந்து கத்திப் பாடுவீர்கள் என்பதும், ஞாயிற்றுக்கிழமை பெரிய அண்டாவில் சோறாக்கி மேம்பாலத்தின் கீழே படுத்துக்கிடப்பவர்களுக்குப் போடுவீர்கள் என்பதும் எனக்குப் பிறகுதான் தெரியும். அன்றைக்கு எனக்குத் தெரிந்ததெல்லாம் வெள்ளிக்கிழமை கோயிலுக்கு இந்தத் தலையோடு வருவாயே என்பது மட்டும்தான். கோயில் செயலாளர் கேட்டபோது, வேண்டுதல் முடி என்று சொல்லிவைத்தேன். அவர் உன் தலையை இரண்டு பக்கமும் பார்த்துவிட்டு, "பாதிதான் வேண்டிக்கிட்டீங்களா?" என்றார். நீ சிரித்தாய். உன் அம்மா முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். நான் மட்டும் ஒரு வாரம் உன்னோடு பேசவில்லை. அந்த ஒரு வாரத்தை இப்போது நினைத்தால் வீணாய்ப் போனதாகத் தோன்றுகிறது.

அதற்குச் சில வருடங்கள் கழித்து, வடக்கே மலைப்பக்கத்தில் சண்டை முற்றி, ஊரைவிட்டு ஓடியவர்கள் காட்டுக்குள் சிக்கிக்கிடந்தபோது, சண்டையை நிறுத்து என்று அட்டையில் எழுதிக்கொண்டு நீங்கள் நாற்சந்தியில் நிற்கப்போவதாகச் சொன்னாய். நான் மொஹிங்கா சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டேன்.

"நமக்கென்ன அந்தச் சண்டையில? மலைக்காரனுக்கும் பர்மாக்காரனுக்கும் ஆயிரம் இருக்கும். நாளைக்கு ரெண்டு பேரும் சேந்துக்கிட்டு நம்மளத்தான் 'கலா, உன் இந்தியாவுக்குப் போ'ம்பான்."

"நம்ம ஆளுங்களக் கப்பல்ல ஏத்தி அனுப்புனப்ப அக்கம்பக்கத்துல ஒருத்தரும் வாயத் தொறக்கலன்னு நீங்கதானப்பா சொல்வீங்க. எத்தன தடவ சொல்லியிருக்கீங்க."

"அது வேற."

"எப்படிப்பா வேற?"

நான் கிண்ணத்தைத் திரும்பக் கையில் எடுத்துக்கொண்டேன். நீ போய்விட்டாய். அந்தக் கதையை உனக்குச் சொன்னவன் நான்தான். என் பெரியப்பா குடும்பம் துறைமுகத்தில் மூட்டையோடு நின்ற கதையை, அடக்கமாக இருக்கவேண்டும் என்று நீ கற்றுக்கொள்வாய் என்று நினைத்துத்தான் சொல்லிச் சொல்லி வளர்த்தேன். நீ அதிலிருந்து வேறொன்றைக் கற்றுக்கொண்டாய். எனக்கு என் அப்பா கற்றுக்கொடுத்தது ஒரே வரிதான். நான் இளைஞனாக இருந்தபோது ஒரு மழைக்காலத்தில் இந்த நகரத்தின் தெருவெல்லாம் ஆட்சியை எதிர்த்து ஊர்வலம் போன மாணவர்கள். ரயில்வே பட்டறையில் வேலை பார்த்த என் அப்பா வாசலில் நின்ற என்னைப் பார்த்து, "வேடிக்கை பாக்காத, உள்ள வா" என்றார். நான் உள்ளே போனேன். போனவன் நெடுங்காலம் வெளியே வரவே இல்லை.

நாற்சந்தியில் யாரென்று தெரியாத ஆட்கள் வந்து உங்களை அடித்தார்கள். உன் தோள்பட்டை எலும்பு முறிந்தது. வழக்கும் உன் மேல்தான் போட்டார்கள். ஒவ்வொரு வாய்தாவுக்கும் நான் நீதிமன்றத்துக்கு வந்தேன், நினைவிருக்கிறதா? வக்கீல் ஆபீசில் தட்டச்சு செய்கிறவன் என்பதால் அங்கே எல்லாருக்கும் என்னைத் தெரியும். கையில் எப்போதும் ஒரு பழைய கோப்புக் கட்டை வைத்துக்கொண்டு கடைசி பெஞ்சில் உட்காருவேன். ஆபீஸ் வேலையாக வந்திருக்கிறான் என்று பார்க்கிறவர்கள் நினைக்கவேண்டும் என்பதற்காக. அந்தக் கோப்புக்குள் வெறும் தாள்கள்தான் இருந்தன. கையைத் துணியால் கழுத்தோடு கட்டிக்கொண்டு நீ என்னைக் கடந்துபோவாய். ஒரு தடவைகூட என் பக்கம் திரும்பவில்லை. என் மேல் கோபம் என்று நினைத்துக்கொண்டேன். கடைசியில் உன்னை எச்சரித்து விடுவித்த நாளில் அம்மாவிடம் நீ சொன்னாயாம்: "அப்பாவுக்குத் தெரிஞ்சவங்க நெறைய பேரு இருந்தாங்கம்மா, அதான் பாக்கல." அம்மா அதை என்னிடம் சொல்ல இரண்டு வருடம் ஆனது. நான் உன்னை மறைத்தேன். நான் மறைப்பது கலையாமல் நீ பார்த்துக்கொண்டாய்.

பிறகு இராணுவம் ஆட்சியை எடுத்துக்கொண்டது. ராத்திரி எட்டு மணிக்கு அதை எதிர்த்து ஊரே தட்டும் பாத்திரமும் அடித்தபோது அம்மா சோற்றுப்பானை மூடியை அடித்ததில் அதன் பிடி கழன்றுவிட்டது. நானும் அடித்தேன், ஜன்னலைச் சாத்திக்கொண்டு. நீ தெருவில் டிரம்மைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு முன்னால் போனாய். சுட ஆரம்பித்தார்கள். உங்கள் குழுவில் கிட்டார் வாசித்தவன், ஞாயிற்றுக்கிழமை அண்டா கிண்டுகிறவன், ஒரு நண்பகலில் போய்ச் சேர்ந்தான். அதற்குப் பிறகு உன் நண்பர்கள் சிலர் காட்டுக்குப் போய்த் துப்பாக்கி பிடித்தார்கள். நீயும் போகப்போகிறாய் என்று பயந்து கேட்டேன். அரிசி களைந்துகொண்டே சொன்னாய்: "எடுத்தவங்களத் தப்புன்னு சொல்ல எனக்கு வாய் வரலப்பா. அவன் செத்ததப் பாத்தவ நான். ஆனா என் கை எடுக்காது. நான் எல்லைக்குப் போறேன். அங்க பிள்ளைங்களுக்குப் பாடம் சொல்ல ஆள் வேணுமாம், சமைக்க ஆள் வேணுமாம்." துப்பாக்கி எடுத்தவர்களும் அது கூடாது என்றவர்களும் உன்னைத் திட்டியது எனக்குத் தெரியும். சண்டை வேண்டாம் என்று சொல்வதற்கு அந்த நேரத்தைவிடக் கடினமான நேரம் இருந்திருக்காது. நீ அதே ஆளாகத்தான் இருந்தாய். அன்று உன்னிடம் இதைச் சொல்லியிருக்கவேண்டும். நான் பஸ் எத்தனை மணிக்கு என்றுதான் கேட்டேன்.

இனி அந்த அறிவிப்பைப் பற்றி எழுதவேண்டும்.

நீ போன சில மாதங்களில் எங்கள் ஆபீசுக்கு ஒரு புதுவகை ஆட்கள் வர ஆரம்பித்தார்கள். வக்கீலை நாங்கள் சயா என்றுதான் கூப்பிடுவோம், உனக்குத் தெரியும். வருகிறவர்கள் சயாவின் எதிரில் உட்கார்ந்து தலையைக் குனிந்துகொள்வார்கள். பெற்றோர் சொல் மீறி நடந்ததால் இன்னார் இன்று முதல் எங்கள் பிள்ளை இல்லை, அவர் செய்கிற எதற்கும் நாங்கள் பொறுப்பில்லை என்று பத்திரிகையில் போடவேண்டும். சயா சொல்லச் சொல்ல நான் தட்டச்சு செய்வேன். போகப்போக அவர் சொல்லவே வேண்டியதில்லை. பேரையும் அடையாள அட்டை எண்ணையும் மாற்றினால் போதும். அவர்கள் போனதும் நான் மனதுக்குள் கேட்பேன், இவர்களெல்லாம் பெற்றவர்களா என்று. வீட்டுக்கு வந்து அம்மாவிடமும் சொல்லியிருக்கிறேன். 

ஒரு நாள் பிற்பகலில் வார்டு அலுவலர் இரண்டு சிப்பாய்களோடு நம் வீட்டுக்கு வந்தார். எதிர் வரிசையில் ஒரு வீட்டை அந்த வாரம்தான் பூட்டி முத்திரை வைத்திருந்தார்கள். அந்த வீட்டுக் கிழவரும் கிழவியும் எங்கே போனார்கள் என்று யாருக்கும் தெரியவில்லை. சிப்பாய்கள் உன் அறையில் டிரம் இருந்த இடத்தைப் பார்த்தார்கள். அலுவலர் என்னைச் சமையலறைப் பக்கம் கூட்டிப்போய்த் தணிந்த குரலில் பர்மிய மொழியில், மாமா என்று முறை வைத்துச் சொன்னார்: "ஊலே, பேப்பர்ல ஒரு அறிவிப்பு போட்டுடுங்க. அந்தத் துண்டக் குடுத்தா நான் கோப்புல வச்சுடுவேன். அப்புறம் உங்க வீட்டுக்கு வரவேண்டிய வேலை எனக்கு இருக்காது." அவரை நான் குறைசொல்லமாட்டேன். தெரிந்த வழியை அவர் சொன்னார்.

மறுநாள் மதியம் எல்லாரும் சாப்பிடப் போனபிறகு அதை அடித்தேன். பத்து நிமிடம்கூட ஆகவில்லை. எழுத்துப்பிழை இருக்கிறதா என்று இரண்டு தரம் படித்தேன். கை நடுங்கியது என்று எழுத ஆசையாக இருக்கிறது. நடுங்கவில்லை. முப்பத்தைந்து வருடம் பழகிய கை. அம்மாவிடம் சொல்லவில்லை. உன்னிடமும் சொல்லவில்லை. மூன்றாம் நாள் வெளியானது. அம்மாவுக்குப் பக்கத்து வீட்டு அம்மாளின் வாயால் தெரிந்தது. உனக்கு யாரோ படம் எடுத்துப் போனில் அனுப்பியிருக்கிறார்கள். நீ அப்போது பிள்ளைகளுக்குக் கணக்கு சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தாயாம்.

வீடு தப்பியது. அதை மறைத்து எழுதினால் இந்தக் கடிதமும் பொய்யாகிவிடும். அந்தத் துண்டுக் காகிதத்தால்தான் நாங்கள் இந்தக் கூரைக்குக் கீழே இருக்கிறோம். அம்மாவுக்கு மருந்து வாங்க முடிகிறது. ஆனால் அவள் பதினோரு நாள் என்னோடு பேசவில்லை. சோறு போடுவாள், குழம்பு ஊற்றுவாள், எதிரில் உட்காரமாட்டாள். பன்னிரண்டாம் நாள், "என் பேரையும் சேத்துல்ல போட்டிருக்கீங்க. பெற்றோர்ன்னா நானும்தான. என்னக் கேட்டீங்களா?" என்றாள். அவ்வளவுதான். அன்றுவரை அப்படி ஒரு கணக்கு அதில் இருப்பதே எனக்குத் தோன்றவில்லை.

நீ மூன்று மாதம் கழித்துக் கூப்பிட்டாய். நான் ஒரு சமாதானம் தயார் செய்து வைத்திருந்தேன். அட்டையில் இருக்கிற பர்மியப் பேரைத்தான் போட்டேன், நான் உனக்கு வைத்துக் கூப்பிடுகிற தமிழ்ப் பேரை அதில் எழுதவில்லை, அந்தப் பேருக்கு உரியவள் எப்போதும் என் மகள்தான் என்று. பல நாள் அதைச் சொல்லியே என்னைத் தேற்றிக்கொண்டிருந்தேன். போனிலும் சொன்னேன். 

"எந்தப் பேருன்னாலும் நான் ஒருத்திதானப்பா" என்றாய். பிறகு, "நீங்க போட்டது எனக்குப் புரியுது. வீடு போயிருந்தா அம்மா எங்க போவாங்க. ஒரு வார்த்தை எங்கிட்டச் சொல்லிட்டுச் செஞ்சிருந்தா நானே வாசகம் எழுதிக் குடுத்திருப்பேன். சொல்லாமச் செஞ்சீங்க பாருங்க, அதுதான்."

அந்த 'அதுதான்' என்பதற்குப் பிறகு நீ எதுவும் சொல்லவில்லை. நான்கு வருடமாக அந்த வாக்கியத்தை நான்தான் முடித்துப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். உன் நன்மைக்கு, அம்மா நன்மைக்கு என்று நானே எல்லாவற்றையும் முடிவுசெய்தேன். வாழ்க்கை முழுவதும் அப்படித்தான் செய்திருக்கிறேன். பயந்தவன் பயத்தைப் பங்குபோடுவதில்லை, பாப்பா. தனியாகச் சுமப்பதைப் பெருமையாக நினைத்துக்கொள்கிறான். புது வாழ்க்கை தொடங்குகிற உனக்கு என்னிடம் இருக்கிற புத்திமதி இந்த ஒன்றுதான்: அவனுக்காக நீ ஏதாவது செய்வதாக இருந்தால், அது எவ்வளவு கசப்பானதாக இருந்தாலும், செய்வதற்கு முன்னால் அவனிடம் சொல்லிவிடு. அவனையும் அப்படியே செய்யச் சொல்.

மாப்பிள்ளையைப் பற்றியும் ஒன்று சொல்லிவிடுகிறேன், இதை அவரும் கேட்கட்டும். அவர் இராணுவத்தில் இருந்தவர் என்று நீ போனில் சொன்னாய். "சிப்பாயா?" என்றேன். "இருந்தாருப்பா. ஒரு கிராமத்த எரிக்கச் சொன்னப்ப துப்பாக்கிய வச்சுட்டு நடந்து வந்துட்டாரு. இப்ப தண்ணி மோட்டார் ரிப்பேர் பண்றாரு" என்றாய். அதற்கு முன்னால் என்னென்ன செய்தார் என்று கேட்க வாயெடுத்தேன். அம்மா என் கையைப் பிடித்து அழுத்தினாள். அவருடைய பெற்றோரும் அவரைப் பத்திரிகையில் கைவிட்டிருக்கிறார்கள் என்றும், கல்யாணப் பத்திரிகையில் தங்கள் பேர் வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள் என்றும் பிறகு சொன்னாய். அவர்கள் இன்னும் இராணுவப் பாசறை வீட்டில் குடியிருப்பவர்கள். அவர்களை எனக்குத் தெரியாது. ஆனால் அந்த அறிவிப்பை எழுதிய கை எப்படி இருந்திருக்கும் என்று எனக்குத் தெரியும். அவர்கள் மேல் கோபம் வைக்காதீர்கள். மாப்பிள்ளை பழையதைச் சொல்ல விரும்புகிற நாளில் கேட்டுக்கொள். விரும்பாத நாளில் மோட்டாரைப் பற்றிப் பேசுங்கள். ஆணை வந்தபோது உள்ளே போகாமல் வெளியே நடந்து வந்தவர் அவர். என் வயதில் என்னால் முடியாததை இருபத்து மூன்று வயதில் செய்திருக்கிறார்.

போன வாரம் ஆபீசுக்கு ஒரு அம்மாள் வந்தாள். த்வாண்டே பக்கம், நெல் விவசாயம். மகனுக்குப் படையில் சேரச் சொல்லிச் சீட்டு விழுந்திருக்கிறது. அவன் ஓடிவிட்டான். அவனைக் கைவிட்டதாகப் போடவேண்டும். சயா வெளியே போயிருந்தார். நான் பேரைக் கேட்டேன், எண்ணைக் கேட்டேன். பிறகு என் வாயிலிருந்து அந்தக் கேள்வி வந்துவிட்டது.

"தம்பிக்குத் தெரியுமா இது?"

"எப்படிங்க அவங்கிட்டச் சொல்றது?" என்றாள்.

"சொல்லிடுங்க. அச்சுல வர்றதுக்கு முன்னால நீங்களே சொல்லிடுங்க. நான் என் மககிட்டச் சொல்லாமப் போட்டவன்."

இத்தனை வருடத்தில் ஆபீசில் நான் அதை வாய்விட்டுச் சொன்னது அதுதான் முதல் தடவை. அவள் நாற்காலியை விட்டு எழுந்தாள். பிறகு போனை எடுத்துக்கொண்டு படிக்கட்டுக்குப் போனாள். கதவு திறந்திருந்தது. முதலில் அழுகைதான் கேட்டது. அப்புறம் பேச்சு. அப்புறம், நான் எதிர்பார்க்கவில்லை, அவள் சிரித்தாள். திரும்பி வந்து கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னாள்: "சின்ன வயசுலேருந்தே சொல் பேச்சு கேக்காதவன்னு சேத்துப் போடச் சொல்றான். அது மட்டும் நெசந்தானே, அதப் போட்டா மத்த பொய்யி தெரியாதுங்கறான்." அப்படியே சேர்த்து அடித்தேன். இரண்டு பேரும் சேர்ந்து சரிபார்த்தோம்.

அன்று வீட்டுக்கு வந்ததும் அம்மாவிடம் உட்கார்ந்து பேசினேன். நீ கேட்ட கேள்வியைச் சொல்லி, "நீ என்ன சொல்ற?" என்றேன். பேர் அச்சானால், அந்தப் பத்திரிகையின் படம் யார் போனிலாவது இங்கே வந்து சேரும். வார்டு அலுவலரின் கோப்பில் இருக்கிற துண்டு அதோடு செல்லாமல் போகும். வீடு பூட்டப்படலாம். நாங்கள் திரும்பி வர முடியாமலும் போகலாம். எல்லாவற்றையும் ஒன்றுவிடாமல் சொன்னேன். அவள் கேட்டுவிட்டு, "வீடு போனாப் போகுது, பேரப் போடட்டும். நான் அன்னைக்கே இதத்தான் சொல்லியிருப்பேன், நீங்க கேக்கல" என்றாள். பிறகு எழுந்துபோய்ப் பெட்டியிலிருந்து பட்டுச் சேலையை எடுத்து வெயிலில் போட்டாள்.

ஆகவே, பாப்பா, எங்கள் இருவர் பேரையும் போடு. தமிழிலும் போடு, பர்மிய எழுத்திலும் போடு, அட்டையில் உள்ளபடி முழுப் பேராகப் போடு. மாப்பிள்ளை வீட்டார் பேருக்கு உரிய இடத்தை வெறுமையாக விடவேண்டாம். அவருக்குச் சம்மதமானால் அவருக்குப் பிரியமான யார் பேராவது இருக்கட்டும், அதை அவரே சொல்லட்டும். எங்கள் பாஸ்போர்ட் வந்துவிட்டது. விமானத்தில் பாங்காக் வந்து அங்கிருந்து பஸ் ஏறுகிறோம். அறிவிப்பில் நீ மகள் இல்லை என்று எழுதியவன் வருகிறான் என்று இதைக் கேட்கிற உன் நண்பர்களுக்குத் தெரியட்டும். அவர்கள் என்னை எப்படி வேண்டுமானாலும் பார்க்கட்டும், நீ தடுக்காதே.

கல்யாணத்தன்று யாராவது என்னைக் காட்டி, இவர் யார் என்று உன்னைக் கேட்டால் நீ ஒன்றும் சொல்லவேண்டாம். என்னிடம் அனுப்பு. நானே சொல்லிக்கொள்கிறேன்.

அப்பா